பெயரின் வேரைத் தேடுவது எப்படி: இயற்பெயருக்கும் குடும்பப்பெயருக்கும் முழுமையான வழிகாட்டி

ஒரு பெயருக்குப் பொருள் தேடக் கிளம்புகிறவர்கள் பெரும்பாலும் செய்கிற முதல் காரியம், பெயரைத் தேடுபொறியில் தட்டி, பக்கத்தில் 'பொருள்' என்று சேர்த்து, முதலில் வந்து விழுகிற பதிலை எடுத்துக்கொள்வது. அங்கேயே வேலை கெட்டுப்போகிறது. பொருள் இந்த வேலையில் கடைசிக்கு முந்தின படி. அந்தப் பெயர் எந்த எழுத்தில் எழுதப்பட்டது, எந்த மொழி பேசுகிறவர்களிடம் இருந்தது, எப்போது எங்கே முதலில் தென்படுகிறது என்பதெல்லாம் தெரிந்த பிறகுதான் அகராதியைத் திறக்க வேண்டும். கீழே உள்ள படிகளின் வரிசையை மாற்றாதீர்கள். ஒவ்வொன்றும் முந்தினதின் விடையை வைத்துத்தான் நகர்கிறது.

1. தொடங்கும் முன் கையில் இருக்க வேண்டியவை

நான்கு தகவல்கள் போதும். பெயர் அதன் சொந்த எழுத்தில் எப்படி எழுதப்படுகிறது. அந்தக் குடும்பம் எந்தப் பகுதியில் இருந்தது. வீட்டில் என்ன மொழி, என்ன சமயம். அந்தப் பெயர் இருக்கிற மிகப் பழைய ஆவணம் எது, அதில் ஸ்பெல்லிங் எப்படி.

ஏன் இவ்வளவு? ராய் என்ற பெயரை எடுத்துக்கொள்ளுங்கள். வங்கத்து ராய், 'ராஜா' என்ற சொல்லின் வழியில் வந்தது. ஸ்காட்லாந்து ராய், கேலிக் மொழியில் 'சிவந்த' என்று பொருள்படும் சொல்லிலிருந்து வந்தது. செம்பட்டைத் தலைக்காரருக்கு வைத்த பெயர். பிரெஞ்சுக் குடும்பங்களின் ராய், அரசனைக் குறிக்கும் பிரெஞ்சுச் சொல்லின் பழைய வடிவம். ஆங்கில எழுத்தில் மூன்றும் ஒன்றேதான். ஊரும் மொழியும் தெரியாமல் 'ராய் என்றால் என்ன' என்று கேட்டால் யாராலும் பதில் சொல்ல முடியாது. சொல்கிறவர் குத்துமதிப்பாகச் சொல்கிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

ஒரு தாளில் நான்கையும் எழுதி, தெரியாததைக் காலியாக விடுங்கள். ஊகித்து நிரப்பினால், இரண்டு நாளில் அது ஊகம் என்பதே மறந்துவிடும்.

2. எது இயற்பெயர், எது குடும்பப்பெயர் என்று முதலில் பிரியுங்கள்

சாதாரண விஷயம்போலத் தோன்றும். ஆனால் புதிதாக வருகிறவர்கள் அதிகம் வழுக்குவது இங்கேதான், ஏனென்றால் 'முதலில் வருவது இயற்பெயர், கடைசியில் வருவது குடும்பப்பெயர்' என்ற சூத்திரம் உலகத்தில் பாதி இடங்களில் செல்லாது.

சீனா, கொரியா, ஜப்பான், வியட்நாம், ஹங்கேரி ஆகிய நாடுகளில் குடும்பப்பெயர்தான் முன்னால் வரும். ஷி ஜின்பிங் என்பதில் ஷி குடும்பப்பெயர். ஸ்பானிய வழக்கத்தில் இரண்டு குடும்பப்பெயர்கள், முதலாவது தந்தையுடையது, இரண்டாவது தாயுடையது. கப்ரியேல் கார்சியா மார்க்கேஸைத் தேடும்போது 'மார்க்கேஸ்' என்ற தலைப்பின் கீழ் தேடுகிறவர்கள் அவருடைய தாய்வழிப் பெயரைத் துருவிக்கொண்டிருக்கிறார்கள். போர்ச்சுகீசிய வழக்கத்தில் வரிசை தலைகீழ்: தாயின் பெயர் முன்னால், தந்தையின் பெயர் பின்னால்.

சில இடங்களில் குடும்பப்பெயர் என்பதே கிடையாது. ஐஸ்லாந்தில் பெரும்பாலோருக்குத் தந்தையின் பெயரோடு 'சோன்' (மகன்) அல்லது 'டோட்டிர்' (மகள்) சேர்கிறது, அடுத்த தலைமுறையில் அது மாறிவிடும். தமிழில் இனிஷியல் செய்வதும் ஏறக்குறைய இதே வேலைதான். பர்மியப் பெயர்களில் தலைமுறை தலைமுறையாக வரும் பகுதி இல்லை, ஐ.நா. பொதுச்செயலாளராக இருந்த ஊ தாண்ட்டின் 'ஊ' மரியாதை அடைமொழி மட்டுமே. அதற்குப் பொருள் தேடி ஒரு மாலைப்பொழுதைச் செலவழித்தவர்களைப் பார்த்திருக்கிறேன்.

அரபுப் பெயர்களை வெட்டும்போது இன்னும் கவனம் வேண்டும். 'அப்துல்' தனிப்பெயர் கிடையாது. 'அப்து' என்றால் அடியார், 'உல்' என்று கேட்பது அடுத்த சொல்லின் முன்னொட்டு. அப்துல் ரகுமான் முழுவதும் சேர்ந்தால்தான் 'அளவற்ற அருளாளனின் அடியார்' என்ற ஒரு பெயர். பாதியாக வெட்டினால் வாக்கியத்தை நடுவில் நிறுத்தியதுபோலத்தான். அதேபோல 'அபூ' வந்தால் இன்னாரின் தந்தை, 'இப்னு' வந்தால் இன்னாரின் மகன், 'அல்-பாக்தாதி'போல இகரத்தில் முடிந்தால் பெரும்பாலும் ஊர், குலம், தொழில் ஆகியவற்றில் ஒன்றோடு உள்ள தொடர்பு.

பெண்களின் குடும்பப்பெயர் வேறு விகுதி எடுக்கும் மொழிகளும் உண்டு. ரஷ்ய மொழியில் இவானோவின் மகள் இவானோவா. போலிஷ் மொழியில் கோவால்ஸ்கியின் மனைவி கோவால்ஸ்கா. இரண்டும் ஒரே குடும்பப்பெயர் என்று தெரியாமல் தனித்தனிக் குடும்பமாகப் பதிந்துவைப்பது அடிக்கடி நடக்கிறது.

3. மூல எழுத்துக்குத் திரும்புங்கள்

வேறு எழுத்தில் பெயர்க்கப்பட்ட பெயரை வைத்து வேர் தேடாதீர்கள். எழுத்து மாறும்போது ஒலி வேறுபாடுகள் கரைந்துபோகும், கரைந்த இடத்தில்தான் தவறான பொருள் முளைக்கும்.

இதற்கு ஆங்கிலம் வரை போக வேண்டாம், தமிழ் எழுத்தே போதும். காந்தி என்று தமிழில் எழுதினால் இரண்டு பெயர்கள் ஒன்றாகின்றன. காந்திமதியில் உள்ள 'காந்தி' ஒளி, அழகு என்று பொருள்படும் சமஸ்கிருதச் சொல். குஜராத்திக் குடும்பப்பெயரான காந்தி, வாசனைப் பொருளைக் குறிக்கும் 'கந்தம்' என்ற சொல்லோடு தொடர்புடைய தொழிற்பெயர். வாசனைப் பொருளும் பலசரக்கும் விற்றவர்களுடையது. தேவநாகரியில் எழுதிப் பாருங்கள், இரண்டிலும் முதல் எழுத்தும் வேறு, கடைசி எழுத்தும் வேறு. பாலனும் அப்படித்தான்: பாலகிருஷ்ணனின் 'பால' குழந்தை, தனபாலனின் 'பால' காப்பவர். நம் 'ப' இரண்டையும் தாங்கிக்கொள்கிறது.

ஆங்கில எழுத்துக்குப் போனால் இதற்கு நேர்மாறான சிக்கல். நிலாவும் நீலாவும் அங்கே ஒரே மாதிரி எழுதப்படுகின்றன, ஒன்று சந்திரன், மற்றது நீல நிறம். கமல் என்பது சமஸ்கிருதத் தாமரையாகவும் இருக்கலாம், 'முழுமை' என்ற அரபுக் கமாலாகவும் இருக்கலாம். லீ என்ற குடும்பப்பெயர் ஆங்கிலேயரிடம் காட்டுக்குள் வெட்டி எடுத்த திறந்த வெளியைக் குறிக்கும், சீனர்களிடம் பிளம் மரத்தைக் குறிக்கும்.

எனவே மூல எழுத்தில் பெயர் கிடைக்கும்வரை நான்காம் படிக்குப் போகாதீர்கள். குடும்பத்துப் பெரியவர்களிடம் கேளுங்கள், பழைய கடிதத்தின் கையெழுத்து, கல்லறை வாசகம், சமய நூலின் முதல் பக்கத்தில் யாரோ எழுதிவைத்த பிறப்புக் குறிப்பு, எது கிடைத்தாலும் சரி. மூல எழுத்தை உங்களுக்கு வாசிக்கத் தெரியாவிட்டாலும் பரவாயில்லை, படம் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள்.

4. ஆவணம் ஆவணமாகப் பின்னால் போங்கள்

இன்றைய ஸ்பெல்லிங்கிலிருந்து ஒரே தாவலாகப் பழங்காலத்துக்குப் போகக் கூடாது. ஒரு தலைமுறை, அதற்கு முந்தின தலைமுறை, அதற்கும் முந்தினது என்று இறங்க வேண்டும். ஒவ்வொரு படியிலும் ஸ்பெல்லிங்கை அப்படியே எழுதிக்கொள்ளுங்கள், 'திருத்தி' எழுதாதீர்கள். எழுத்தர் காதில் விழுந்ததை எழுதியிருப்பார், அந்தப் பிழைதான் பல நேரம் பழைய உச்சரிப்பைக் காட்டிக்கொடுக்கும்.

எவ்வளவு தூரம் இறங்கலாம் என்பது நாட்டைப் பொறுத்தது. இங்கிலாந்தில் தேவாலயப் பதிவேடுகள் 1538-இல் வந்த ஆணையோடு தொடங்குகின்றன. வேறு பல நாடுகளில் சாதாரண மக்களுக்குக் குடும்பப்பெயர் என்பதே சட்டத்தால் வந்தது: ஆஸ்திரியாவை ஆண்ட ஹாப்ஸ்பர்க் அரச குடும்பத்தின் ஆட்சிப் பகுதிகளில் யூதர்கள் ஜெர்மன் குடும்பப்பெயர் வைத்துக்கொள்ள வேண்டும் என்ற ஆணை 1787-இல், நெதர்லாந்தில் நெப்போலியன் ஆணை 1811-இல், ஜப்பானில் 1875-இல், தாய்லாந்தில் 1913-இல், துருக்கியில் 1934-இல். இந்த ஆண்டுகளை முன்னதாகவே தெரிந்துகொண்டால் வீண் அலைச்சல் மிச்சம். துருக்கிக் குடும்பப்பெயர் ஒன்றை 1800-களின் ஆவணத்தில் தேடினால் பெரும்பாலும் கிடைக்காது. துருக்கிக் குடியரசை நிறுவிய முஸ்தபா கெமாலுக்கே அதாதுர்க் என்ற பெயர் 1934-இல்தான் வந்தது.

பிலிப்பைன்ஸ் இன்னும் ஒரு படி மேலே. 1849-இல் ஸ்பானிய ஆளுநர் கிளவேரியா, குடும்பப்பெயர்களின் அகரவரிசைப் பட்டியல் ஒன்றை ஊர்களுக்கு அனுப்பி, அதிலிருந்து பெயர் வழங்கச் செய்தார். சில ஊர்களில் ஒரே எழுத்தில் தொடங்கும் குடும்பப்பெயர்கள் குவிந்து கிடப்பது இதனால்தான். அங்கே ஸ்பானியக் குடும்பப்பெயர் இருப்பதாலேயே ஸ்பானிய மூதாதையர் இருந்தார்கள் என்று எழுதிவிடாதீர்கள். பெயருக்கு ஒரு வரலாறு, குடும்பத்துக்கு வேறொரு வரலாறு.

புலம்பெயர்ந்த குடும்பம் என்றால் ஒரு கதை கண்டிப்பாக வரும்: 'எல்லிஸ் தீவில் அதிகாரி எங்கள் பெயரை மாற்றிவிட்டார்.' 1892-இல் நியூயார்க் துறைமுகத்தில் திறந்த அந்தக் குடியேற்ற நிலையத்தில் அதிகாரிகள் புதிதாகப் பெயர் எழுதவில்லை, கப்பல் புறப்பட்ட துறைமுகத்தில் தயாரான பயணிகள் பட்டியலை வைத்துச் சரிபார்த்தார்கள். பெயர் மாறியது பெரும்பாலும் பிற்பாடு, வேலைக்காகவோ பள்ளிக்காகவோ குடும்பத்தினரே மாற்றிக்கொண்டபோது. ஆகவே அந்தக் கதையைக் கேட்டதும் தேடலை நிறுத்தாமல், கப்பல் பட்டியலில் இருக்கிற ஸ்பெல்லிங்கையும் அதற்குப் பிந்தின மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் இருக்கிறதையும் பக்கத்தில் பக்கத்தில் வையுங்கள், எந்த இடைவெளியில் மாறியது என்று தெரிந்துவிடும்.

மொழிபெயர்ப்பாலும் பெயர் மாறும். அயர்லாந்தில் மக் கவன் (கொல்லன் மகன்) குடும்பங்களில் சில, மெக்கவன் என்று ஒலியைக் காப்பாற்றின, சில நேராக ஸ்மித் ஆயின. அந்த ஸ்மித்துக்கு ஆங்கிலேய வேர் தேடினால் கிடைக்காது.

5. குடும்பப்பெயர் எந்த வகை என்று தீர்மானியுங்கள்

பெரும்பாலான குடும்பப்பெயர்கள் நான்கு கூடைகளில் ஒன்றில் விழும்: முன்னோர் பெயர், தொழில், இடம், பட்டப்பெயர். வகையை முதலில் தீர்மானிப்பதற்குக் காரணம், ஒவ்வொன்றுக்கும் தேடும் இடமே வேறு. தொழிற்பெயரென்றால் அகராதி, இடப்பெயரென்றால் வரைபடம்.

முன்னோர் பெயர் வகையை ஒட்டுகள் காட்டிக்கொடுக்கும். ஸ்பானிய 'எஸ்' (ஃபெர்னாண்டஸ், அதாவது ஃபெர்னாண்டோ மகன்), ருமேனிய 'எஸ்கு', கிரேக்க 'போலோஸ்', ஆர்மீனிய 'யான்', ஜார்ஜிய 'ஷ்விலி', 'ட்ஸே', உக்ரேனிய 'எங்கோ', ஐரிஷ் 'ஓ', கேலிக் 'மக்', நார்மானிய 'ஃபிட்ஸ்'. வேல்ஸ் மொழியின் 'அப்' கொஞ்சம் பொல்லாதது, அடுத்த பெயரோடு ஒட்டிக் காணாமலே போய்விடும். அப் ரீஸ் என்பது பிரைஸ் ஆயிற்று, அப் ஹவல் என்பது பவல் ஆயிற்று. பிரைஸ் என்ற வேல்ஸ் குடும்பத்துக்கு 'விலை' என்று பொருள் எழுதுகிறவர்கள் இந்தப் படியைத் தாண்டிக் குதித்தவர்கள்.

தொழிற்பெயர் சுலபம். ஆங்கில ஸ்மித், ஜெர்மன் ஷ்மிட், பிரெஞ்சு லெஃபெவ்ர், இத்தாலிய ஃபெராரி, ஹங்கேரிய கோவாச், ரஷ்ய குஸ்னெட்சோவ், அரபு ஹத்தாத், எல்லாவற்றுக்கும் அடியில் இருப்பவர் கொல்லர். வேகமான காரின் பெயர் பட்டறையிலிருந்து வந்தது என்பது பொருத்தம்தான்.

இடப்பெயரில் ஒரு நுணுக்கம் உண்டு. ஊர்க்காரர் எல்லோருமே பாக்தாத்காரர்களாக இருக்கும் பாக்தாத்தில் ஒருவரை 'பாக்தாத்காரர்' என்று கூப்பிட்டால் யாரென்று தெரியாது. அவர் வெளியேறி வேறு ஊரில் குடியேறிய பிறகுதான் அந்தப் பெயர் ஒட்டும். ஹங்கேரியில் ஹொர்வாத் (குரோவாசியர்), நெமெத் (ஜெர்மானியர்) என்ற குடும்பப்பெயர்கள் சகஜம், காரணம் அதேதான். ஆகவே ஊர்ப்பெயர் கிடைத்தால் அந்த ஊரில் மட்டும் தேடாமல் சுற்றுவட்டாரத்தில் தேடுங்கள். ஊரைக் குறிக்காமல் நிலத்தைக் குறிக்கும் பெயர்கள், ஜப்பானிய யமாதா (மலை, வயல்), போர்ச்சுகீசிய சில்வா (காடு) போன்றவை, ஒன்றுக்கொன்று தொடர்பில்லாத பல குடும்பங்களுக்குத் தனித்தனியாக வந்திருக்கும். இவற்றை வைத்து உறவு கொண்டாட முடியாது.

பட்டப்பெயர் வகையில் இத்தாலிய ரோஸி (செந்நிற முடிக்காரர்), ஜெர்மன் கிளைன் (சிறியவர்) போன்றவை வரும். ஆங்கிலத்தில் கிங், போப் என்ற குடும்பப்பெயர்களைப் பார்த்து அரச வம்சம் என்று குதிக்க வேண்டாம். நடை, தோரணை, நாடகத்தில் போட்ட வேஷம் இவற்றை வைத்துக் கேலியாக வைத்த பெயர்களாகவே அவை பெரும்பாலும் தொடங்கின.

6. ஒட்டுகளை ஒவ்வொன்றாகக் கழற்றுங்கள்

ஹாப்கின்ஸ் என்ற பெயரைக் கழற்றிப் பார்ப்போம். வலது ஓரத்திலிருந்து தொடங்குங்கள், ஏனென்றால் கடைசியில் ஒட்டியது முதலில் வர வேண்டும்.

கடைசி 'ஸ்' உடைமையைக் காட்டுவது: இன்னாருடைய பிள்ளை. அடுத்து 'கின்', செல்லமாகச் சுருக்கும் ஒட்டு. மீதி 'ஹாப்' (Hop): Hob என்பதன் கடைசி b ஒலி, 'கின்' சேரும்போது p ஆகக் கெட்டிப்பட்டது. Hob என்பது ஒரு பழைய செல்லப்பெயர். அந்தச் செல்லப்பெயர் ராப் என்பதோடு எதுகை சேர்த்து உருவானது, ராப் என்பது ராபர்ட்டின் சுருக்கம். ராபர்ட், 1066-இல் பிரான்சிலிருந்து வந்து இங்கிலாந்தைப் பிடித்த நார்மானியர்களோடு அங்கே பரவிய ஜெர்மானியப் பெயர், 'புகழ்', 'ஒளி' என்ற இரு சொற்கள் அதில் உள்ளன. ராபின்சன், ராப்சன், ஹாப்சன், டாப்சன் எல்லாம் இதே ராபர்ட்டின் பேரப்பிள்ளைகள்.

சரி, ஹாப்கின்ஸுக்குப் பொருள் என்ன? 'புகழொளி' என்று எழுதக் கூடாது. 'ராபர்ட் என்பவரின் வழி வந்தவர்' என்பதுதான் குடும்பப்பெயரின் பொருள். ராபர்ட்டின் பொருளைத் தனி வரியில் எழுதலாம்.

7. இயற்பெயருக்கு வேறு பாதை

இயற்பெயர் நிலத்தோடு ஒட்டிக் கிடப்பதில்லை, சமயத்தோடும் அரசர்களோடும் ஊர் ஊராகப் போகிறது. அதனால் இங்கே கேட்க வேண்டிய கேள்வி, எந்த மொழி வழியாக வந்தது என்பது. எபிரேய யோஹனான் ('யாவே அருளினார்') கிரேக்கத்திலும் லத்தீனிலும் நுழைந்து ஜான், ஹுவான், ஜொவான்னி, இவான், இயன், ஷான் என்று பிரிந்தது. தமிழில் யோவான் என்பது ஒலியைக் கொண்டுவந்தது, அருளப்பன் பொருளைக் கொண்டுவந்தது. இரண்டு பாதைகளையும் பார்க்காவிட்டால் அருளப்பனுக்கும் இவானுக்கும் உள்ள உறவு தெரியவே தெரியாது.

எதிர்த்திசைப் பிழையும் உண்டு. தியோடோர், நத்தானியேல், அதாவுல்லா, தேவதத்தன் எல்லாவற்றுக்கும் ஏறக்குறைய 'இறைவன் தந்தது' என்றே பொருள். இவை கிரேக்கம், எபிரேயம், அரபு, சமஸ்கிருதம் என்று நான்கு மொழிச் சொற்கள். பொருள் ஒன்றாக இருப்பதால் வேர் ஒன்றாகிவிடாது. ரஷ்ய ஃபியோதர் கேட்பதற்குத் தியோடோர்போல இல்லை, ஆனால் அதே பெயர்தான்.

பழைய ஜெர்மானியப் பெயர்களுக்கு ஒரு தனி எச்சரிக்கை. இரண்டு சொற்களைச் சேர்த்து வைப்பார்கள், அவை சேர்ந்து ஒரு கருத்தைத் தர வேண்டும் என்ற கட்டாயம் கிடையாது. 6-ஆம் நூற்றாண்டு பிராங்கிய அரசி ஃபிரெடகுண்டின் பெயரில் 'சமாதானம்', 'போர்' என்ற இரண்டும் இருக்கின்றன. 'சமாதானத்துக்காகப் போரிடுபவள்' என்று அழகாக ஜோடித்து எழுதாமல், இரண்டு உறுப்புகளையும் தனித்தனியாகக் கொடுத்துவிட்டு நகருங்கள்.

அப்புறம், பெயர் எப்போது பிறந்தது என்று பாருங்கள். வனெஸ்ஸா என்பது எழுத்தாளர் ஜோனதன் ஸ்விஃப்ட் தன் தோழி எஸ்தர் வனோம்ரிக்கின் பெயர்களை வெட்டி ஒட்டிச் செய்தது. 'வண்ணத்துப்பூச்சி' என்று பட்டியல்கள் பொருள் சொல்கின்றன. உண்மையில் ஒரு வண்ணத்துப்பூச்சிப் பேரினத்துக்கு இந்தப் பெயரை வைத்தது பிற்பாடு, 1807-இல். எது முன், எது பின் என்று பார்த்தாலே இந்த மாதிரிப் பொருள்கள் உதிர்ந்துவிடும். அமெரிக்காவின் சமூகப் பாதுகாப்புத் துறை 1880 முதலான குழந்தைப் பெயர்களை ஆண்டுவாரியாக வெளியிடுகிறது. அங்கே புழங்கும் பெயர் எப்போது எழுந்தது, எப்போது அடங்கியது என்று பார்க்க அது வசதி.

8. இப்போது அகராதி

மொழி தெரிந்துவிட்டது, பழைய வடிவம் தெரிந்துவிட்டது, ஒட்டுகள் கழன்றுவிட்டன. இனி அந்த மொழியின் பொது அகராதியைத் திறங்கள். குழந்தைப் பெயர்ப் பட்டியலைத் திறக்காதீர்கள். பட்டியல்கள் பெற்றோருக்குப் பிடித்த பொருளைத் தருவதற்காக எழுதப்படுபவை, கெட்ட பொருள் உள்ள பெயரே அவற்றில் இருக்காது, கவனித்திருக்கிறீர்களா? ஆரவ் என்ற பெயருக்கு 'அமைதியானவன்' என்று எத்தனையோ பட்டியல்கள் சொல்கின்றன. சமஸ்கிருத அகராதியில் 'ஆரவ' என்றால் ஒலி, கூச்சல், இரைச்சல். நேர் எதிர்.

ஒரே பொருளைப் பத்து தளங்கள் சொன்னால் பத்து சாட்சிகள் என்று எண்ண வேண்டாம், ஒன்றைப் பார்த்து ஒன்பது நகலெடுத்திருக்கும். அகராதியில் சொல் இருக்கிறதா, பெயர் தோன்றிய காலத்தில் அது வழக்கில் இருந்ததா, அந்த மொழியின் இலக்கணம் அப்படிப் பெயர் அமைக்க இடம் தருகிறதா என்று மூன்றையும் பாருங்கள்.

9. எழுதி வைக்கும் முறை

கண்டதை நான்கு வரியில் எழுதுங்கள்: பெயரும் மூல எழுத்தும்; பழைய வடிவமும் அதன் ஆண்டும் இடமும்; மொழியும் உறுப்புகளும்; பொருள். பக்கத்தில் 'உறுதி', 'வாய்ப்பு அதிகம்', 'ஊகம்' என்ற மூன்றில் ஒன்றைக் குறியுங்கள். மரியா என்ற பெயரின் மூலமான மிரியாமுக்கே அறிஞர்கள் இன்னும் ஒரு முடிவுக்கு வரவில்லை, ஆகவே 'ஊகம்' என்று எழுத வெட்கப்பட வேண்டாம்.

அந்தக் குழந்தைக்கு ஏன் அந்தப் பெயர் வைத்தார்கள் என்பதைத் தனியாக எழுதுங்கள். தாத்தா பெயர் என்பதற்காக வைத்திருப்பார்கள், பொருளை யாரும் யோசித்திருக்கவே மாட்டார்கள்.

கடைசியாக, குடும்பப்பெயருக்குரிய 'குலச்சின்னம்' என்று கண்ணாடிச் சட்டம் போட்டு விற்கும் படங்களை இந்தக் கோப்பில் சேர்க்காதீர்கள். இங்கிலாந்தில் அத்தகைய சின்னங்கள் தனிநபருக்கு வழங்கப்பட்டு அவருடைய சந்ததிக்கு இறங்குபவை, ஒரே குடும்பப்பெயர் உள்ள எல்லோருக்கும் பொதுவானவை அல்ல. ஏற்கெனவே வாங்கிவிட்டீர்களென்றால் சுவரில் மாட்டிக்கொள்ளுங்கள், ஆதாரமாக மட்டும் காட்டாதீர்கள்.